ஒரே படம், நான்கு வட்டுகள்: கடிகாரக் கோபுரத்தை வைத்து அளந்த பதிவு

என்னிடம் ஒரே திரைப்படம் நான்கு வட்டுகளில் இருக்கிறது. மூன்று டிவிடி, ஒரு புளூ-ரே. 1950களின் பிற்பகுதியில் சினிமாஸ்கோப் என்ற அகன்ற திரை முறையில் எடுக்கப்பட்ட வண்ணப் படம். அதன் கடைசிக் காட்சியில் ஒரு தாய் வாசலில் நிற்பாள். திரையின் இடது ஓரத்தில் கதவு நிலையைப் பற்றியிருக்கும் அவள் கை. மகன் தெருவில் சிறு புள்ளியாகித் தேயும் வரை அந்தக் கை அசையாது. நான் இந்தப் படத்தை விரும்புவதற்கு அந்தக் கைதான் பாதிக் காரணம்.

புளூ-ரேயை முதன்முறை போட்டுப் பார்த்தபோது அந்தக் கை இல்லை. மணிக்கட்டோடு படம் முடிந்துவிட்டது.

நினைவு தவறோ என்று பழைய டிவிடியைத் தேடி எடுத்தேன். அதில் ஐந்து விரல்களும் இருந்தன. அப்படியானால் புதிய வட்டில் வேறு எவையெல்லாம் காணாமல் போயிருக்கின்றன? பழையவற்றில் என்ன குறை? இரண்டு வார இறுதிகளை ஒதுக்கி நான்கையும் அளந்து பார்த்தேன். அந்தக் குறிப்புகள்தாம் இவை.

முதலில் தொலைக்காட்சியைச் சந்தேகப்பட்டேன். அது சரியான முடிவு. 1920×1080 அளவில் ஒரு கறுப்புப் படம் செய்து, அதன் நான்கு விளிம்புகளிலும் ஒரே ஒரு பிக்சல் தடிப்பில் வெள்ளைக் கோடு வரைந்து திரையில் காட்டினேன். ஒரு பக்கக் கோடு கூடத் தெரியவில்லை. பெட்டி தானாகவே படத்தைச் சற்றுப் பெரிதாக்கி விளிம்புகளை வெட்டிக்கொண்டிருந்தது. ஓவர்ஸ்கேன் என்பார்கள். குழாய்த் திரைகளின் காலத்தில் விளிம்புக் கோணல்களை மறைக்க வந்த பழக்கம். தட்டைத் திரைக்கு அதற்கு எந்தத் தேவையும் இல்லை. பட அளவு அமைப்புகளில் பிக்சலுக்குப் பிக்சல் காட்டும் தேர்வை மாற்றியதும் நான்கு கோடுகளும் வந்தன. வட்டுகளை ஒப்பிட நினைக்கும் எவரும் இதிலிருந்துதான் தொடங்க வேண்டும். இல்லாவிட்டால் வட்டின் மீது சொல்லும் குற்றம் பெட்டியினுடையதாக இருக்கும்.

இதைச் சரிசெய்தபின் இரண்டு விரல்கள் திரும்பி வந்தன. மற்ற மூன்றும் வரவில்லை. ஆக, வட்டிலும் குறை உண்டு.

அடுத்து, நான்கு வட்டுகளிலும் உண்மையான படம் எவ்வளவு இடத்தில் இருக்கிறது என்று பார்த்தேன். எஃப்எஃப்எம்பெக் மென்பொருளில் கறுப்புப் பட்டைகளைக் கண்டுபிடித்துச் சொல்லும் கிராப்டிடெக்ட் என்ற வடிகட்டி உண்டு. இருட்டுக் காட்சியில் ஓட்டினால் அது நிழலையும் பட்டையாக எண்ணிக்கொள்ளும். வெளிச்சமான வெளிப்புறக் காட்சிகளை மட்டும் தேர்ந்தெடுத்து ஓட்டினேன்.

முதல் டிவிடி 720×480 முழுவதையும் நிரப்பும் 4:3 படம். இதைப் பற்றி நீளமாகப் பேச ஒன்றுமில்லை. அகலம் உயரத்தைப் போல் 2.35 மடங்கான (2.35:1) படத்தை 1.33:1 சட்டத்துக்குள் அடைக்கும்போது அகலத்தில் 43 சதவீதம் போய்விடுகிறது. மீதி 57 சதவீதத்தை இடமும் வலமும் நகர்த்தி நகர்த்திக் காட்டுகிறார்கள். பேன் அண்ட் ஸ்கேன் என்று பெயர். ஒளிப்பதிவாளர் அசைக்காத கேமராவை வேறு யாரோ பின்னாளில் அசைத்திருக்கிறார்கள். மேசையின் இரு முனைகளில் எதிரெதிரே அமர்ந்து இருவர் பேசும் காட்சியில் நடுவில் உள்ள பூச்சாடி மட்டுமே பேசிக்கொண்டிருக்கிறது. தொடக்க எழுத்துகளை வெட்ட முடியாது என்பதால் அங்கே மட்டும் படத்தைப் பக்கவாட்டில் நெருக்கி, எல்லோரையும் ஒல்லியாக்கியிருக்கிறார்கள். இந்த வட்டை ஒதுக்கி வைத்தேன்.

இரண்டாவது டிவிடி, லெட்டர்பாக்ஸ் முறை. 4:3 சட்டத்துக்குள் மேலும் கீழும் கறுப்புப் பட்டைகளோடு முழு அகலமும் இருக்கிறது. ஆனால் 480 வரிகளில் படத்துக்குக் கிடைத்தவை 272 தான். மீதி 208 வரிகள் கறுப்பு. மேலும் 140 நிமிடப் படத்தை 4.7 ஜிகாபைட் கொண்ட ஒற்றை அடுக்கில் அடைத்திருக்கிறார்கள். ஒலியையும் சேர்த்து வினாடிக்குச் சராசரியாக நாலரை மெகாபிட் கூட வராது. இலைகள் அசையும் இடங்களில் கட்டம் கட்டமாக உடைகிறது.

மூன்றாவது, பால் (PAL) என்ற ஐரோப்பியத் தொலைக்காட்சி முறையில் வந்த அனமார்பிக் டிவிடி. 720×576 சட்டத்தில் 704×436 பிக்சல்களில் படம் இருந்தது. இரு பக்கமும் எட்டெட்டு பிக்சல் கறுப்பு. லெட்டர்பாக்ஸ் வட்டை விட 60 சதவீதம் கூடுதலான வரிகள். இரண்டும் டிவிடிதான், விகிதமும் ஒன்றுதான். ஆனாலும் ஒன்றில் தொலைவில் உள்ள பலகையின் எழுத்தைப் படிக்க முடிகிறது, மற்றதில் முடியவில்லை.

அனமார்பிக் என்ற சொல் இங்கே இரண்டு பொருளில் வந்து குழப்புகிறது. சினிமாஸ்கோப் கேமராவின் அனமார்பிக் லென்ஸ், காட்சியைப் பக்கவாட்டில் இரண்டு மடங்கு நெருக்கி பிலிமில் பதிக்கிறது. திரையரங்கில் அதே அளவு விரிக்கிறார்கள். அனமார்பிக் டிவிடி என்பது, 16:9 சட்டத்தை 4:3 சட்டத்துக்கான பிக்சல்களுக்குள் நெருக்கி வைத்து, பார்க்கும்போது விரிப்பது. இரண்டுக்கும் தொடர்பில்லை. காட்சியை நெருக்காத சாதாரண லென்ஸில் எடுக்கப்பட்ட படமும் அனமார்பிக் டிவிடியாக வரலாம். ஸ்கோப் படம் அனமார்பிக் அல்லாத டிவிடியாகவும் வரலாம். என்னுடைய இரண்டாவது வட்டே சாட்சி.

நான்காவது, புளூ-ரே. 1920×804. அதாவது 2.39:1.

2.35 எப்படி 2.39 ஆனது? சினிமாஸ்கோப் 1953இல் வந்தபோது விகிதம் 2.55:1. பிலிமின் ஓரத்தில் ஒளிவழி ஒலித்தடம் சேர்த்தபோது அது 2.35 ஆகக் குறைந்தது. ஸ்கோப் பிரேம்களுக்கு இடையே உள்ள இடைவெளி மிக மெல்லியது. நெகட்டிவை ஒட்டிய தடங்கள் காட்சி மாறும்போது திரையின் மேலும் கீழும் பளிச்சென்று தெரியும். அதை மறைக்கத்தான் 1970இல் புரொஜெக்டர் சட்டத்தின் உயரத்தைக் குறைத்து 2.39 என்று தரம் வகுத்தார்கள். ஆகவே 1950களின் படம் ஒன்று 2.39 இல் வந்தால் மேலும் கீழும் கொஞ்சம் போயிருக்கலாம் என்று எதிர்பார்த்தேன். உயரத்தில் இரண்டு சதவீதத்துக்கும் குறைவு, பொறுத்துக்கொள்ளலாம். ஆனால் போனது பக்கவாட்டில் இருந்த கை. விகிதத்தை மட்டும் பார்த்தால் இந்தப் புதிர் அவிழாது.

வட்டு உறையில் எழுதியிருக்கும் விகிதம், சட்டத்தின் வடிவத்தை மட்டுமே சொல்கிறது. அந்தச் சட்டத்துக்குள் எந்தப் பகுதி இருக்கிறது என்று அது சொல்வதில்லை. ஒரு படத்தை எல்லாப் பக்கமும் சீராக வெட்டிப் பெரிதாக்கினாலும் விகிதம் அதேதான். இதைக் கண்டுபிடிக்க ஒரே பிரேமை எல்லா வட்டுகளிலிருந்தும் எடுத்து, ஒன்றன்மேல் ஒன்று வைத்துப் பார்ப்பதைத் தவிர வேறு வழியில்லை.

அதற்கு முன் எல்லாவற்றையும் சதுரப் பிக்சலுக்கு மாற்ற வேண்டும். டிவிடியின் பிக்சல்கள் சதுரமானவை அல்ல. 16:9 பால் வட்டில் 720 பிக்சல்களும் சேர்ந்து 16:9 ஆகின்றனவா, நடுவில் உள்ள 704 மட்டுமா? முதல் கணக்கில் ஒரு பிக்சலின் அகலம் உயரத்தைப் போல் 1.422 மடங்கு, இரண்டாவதில் 1.4545 மடங்கு. மென்பொருள்கள் பெரும்பாலும் முதல் கணக்கைப் பிடித்துக்கொள்கின்றன. வித்தியாசம் இரண்டே கால் சதவீதம்தான். ஆனால் மூன்று விரல்களைத் தேடும்போது அது பெரிய வித்தியாசம்.

இதைத் தீர்க்க ஒரு வட்டம் வேண்டும். முதலில் நாயகன் கையில் ஏந்திப் பார்க்கும் சட்டைப்பைக் கடிகாரத்தைத் தேர்ந்தெடுத்தேன். அண்மைக் காட்சி, பெரிய வட்டம், அளக்க எளிது. நான்கு வட்டுகளிலும் அது உயரத்தை விட ஐந்து சதவீதம் அகலமாகவே வந்தது. சதுரப் பிக்சல் கொண்ட புளூ-ரேயிலும் அப்படியே. கணக்கை இரண்டு முறை திரும்பப் போட்டேன். பிறகுதான் பொறி தட்டியது: நான்கிலும் ஒரே பிழை என்றால் அது வட்டுகளின் பிழை அல்ல, நெகட்டிவிலேயே இருக்கிறது. அக்காலச் சினிமாஸ்கோப் லென்ஸ்கள் மிக அருகில் உள்ள பொருளை முழு இரண்டு மடங்கு நெருக்குவதில்லை. திரையில் விரிக்கும்போது மட்டும் சரியாக இரண்டு மடங்கு விரிக்கிறார்கள். அதனால் அண்மைக் காட்சியில் முகங்கள் உப்பிவிடும். பொன்னுக்கு வீங்கி வந்ததுபோல் இருக்கிறது என்று அதற்கு அந்த நோயின் பெயரையே ஆங்கிலத்தில் வைத்துவிட்டார்கள். ஸ்கோப் படத்தில் விகிதத்தைச் சோதிக்க அண்மைக் காட்சியை எடுக்கவே கூடாது.

தொலைவில், திரையின் நடுவில், நேர் எதிரே பார்க்கும் வட்டம் ஒன்றைத் தேடினேன். ஊர்ச் சதுக்கத்துக் கடிகாரக் கோபுரம் கிடைத்தது. பால் டிவிடியில் கடிகார முகப்பு 66 பிக்சல் அகலம், 96 பிக்சல் உயரம். 1.4545 ஆல் பெருக்கினால் 96.0. துல்லியமான வட்டம். 1.422 ஆல் பெருக்கினால் 93.9, முட்டை. இன்னொரு வழியாகவும் சரிபார்த்தேன். 704×436 படத்தை முதல் கணக்குப்படி விரித்தால் விகிதம் 2.30 வருகிறது; இரண்டாவதின்படி 2.35. கோபுரம் சொன்னதும் விகிதம் சொன்னதும் ஒன்றாகிவிட்டன.

அடுத்த தடை நேரம். பால் வட்டின் மொத்த நீளம் 134 நிமிடம் 16 வினாடி. புளூ-ரே சரியாக 140 நிமிடம். ஏறக்குறைய ஆறு நிமிடக் காட்சிகளை வெட்டிவிட்டார்கள் என்று கோபப்படத் தோன்றும். வெட்டவில்லை. பால் முறை வினாடிக்கு 25 பிரேம்; படத்தையே வேகமாக ஓட்டிவிடுகிறார்கள். புளூ-ரே 23.976. எனவே புளூ-ரேயில் ஒரு மணி நேரத்தில் வரும் பிரேம், பால் வட்டில் 57 நிமிடம் 32 வினாடியில் வரும். நேரத்தை வைத்துத் தேடினால் கிடைக்காது. பிரேம் எண்ணை வைத்துத் தேடினால் உடனே கிடைக்கும். லெட்டர்பாக்ஸ் வட்டு அமெரிக்க முறையில் வினாடிக்கு 60 பாதிப் படங்களாகப் பிரிக்கப்பட்டது. அதில் ஐந்து பிரேம்களில் இரண்டு, அடுத்தடுத்த இரண்டு பிரேம்களின் கலவை; அசையும் விளிம்புகளில் சீப்பின் பற்கள் போலக் கோடுகள் தெரியும். கலப்பில்லாத மூன்றில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டியிருந்தது.

இப்போது கடைசிக் காட்சி. பால் டிவிடியின் பிரேமை 1920×817 ஆக விரித்தேன். அதில் கடிகாரம் 180 பிக்சல். புளூ-ரேயில் அதே பிரேமில் 187. சிறிய வட்டத்தில் ஒரு பிக்சல் பிழையே அரை சதவீதம் என்பதால், சன்னல் மூலையிலிருந்து விளக்குக் கம்பம் வரை நீண்ட தூரத்தையும் அளந்தேன். ஒன்றில் 1150, மற்றதில் 1196. சரியாக நான்கு சதவீதம் பெரிதாக்கப்பட்டிருக்கிறது.

ஒன்றன்மேல் ஒன்று வைத்து வித்தியாசத்தைக் காட்டும் முறையில் பார்த்தபோது வலது விளிம்புகள் பொருந்தின. அப்படியென்றால் போனதெல்லாம் இடப்பக்கம்: 1920இல் 74 பிக்சல்கள். மேலும் கீழுமாகச் சேர்த்து 44 வரிகள். தாயின் மூன்று விரல்கள் அந்த 74 பிக்சல்களில் இருந்தன.

அதிகமாகத் தெரிவதாலேயே டிவிடி சரியாகிவிடுமா? இந்தக் கேள்வியை என்னையே கேட்டுக்கொண்டேன், ஏனெனில் நேர்மாறான அனுபவமும் எனக்கு உண்டு. 1.85:1 இல் வெளியான வேறொரு படத்தின் பழைய 4:3 வட்டில், மேலும் கீழும் கூடுதல் காட்சி தெரிந்தது. அது கூடுதல் அல்ல, கழிவு. கேமரா 1.37:1 பிரேமை முழுவதும் பதிவுசெய்ய, திரையரங்கில் மேலும் கீழும் மறைத்துக் காட்டுவார்கள். மறைப்பு இல்லாத வட்டில் ஒலிவாங்கியின் முனை தலைக்கு மேல் தொங்கியது. ஆனால் அனமார்பிக் லென்ஸில் எடுத்த ஸ்கோப் படத்துக்கு அப்படி ஒதுக்கி வைத்த விளிம்பு கிடையாது. பிரேம் முழுவதும் படம்தான். மேலும், தனியாகப் பிரதி எடுக்கப்பட்ட லெட்டர்பாக்ஸ் வட்டின் இட விளிம்பும் பால் வட்டின் இட விளிம்பும் ஒரே இடத்தில் முடிகின்றன. இரண்டு சாட்சிகள் தனித்தனியே ஒன்றையே சொல்லும்போது நம்பலாம்.

படத்தின் தரத்துக்கு வருகிறேன். பிக்சல் எண்ணிக்கையில் புளூ-ரேக்கு டிவிடி அருகில் கூட வர முடியாது. பிரித்துச் சொன்னால் 1920×804 என்பது 704×436ஐப் போல ஐந்து மடங்கு. கோபுரத்தின் செங்கற்களை எண்ணலாம். ஆனால் முகங்களைப் பார்த்தால் மெழுகு. பிலிமின் துகள்களை அழிக்கும் வடிகட்டியை அளவுமீறிப் பூசியிருக்கிறார்கள். கண்ணுக்குத் தோன்றியதை உறுதிசெய்ய எளிய சோதனை ஒன்று உண்டு. கேமராவும் ஆட்களும் அசையாத காட்சியில் அடுத்தடுத்த இரண்டு பிரேம்களை ஒன்றிலிருந்து ஒன்று கழித்து, வித்தியாசத்தைப் பல மடங்கு பிரகாசமாக்கிப் பாருங்கள். பிலிமில் ஒவ்வொரு பிரேமின் துகளும் வேறு; ஆகவே திரை முழுவதும் சீரான மணல்போல் வர வேண்டும். பால் வட்டில் மணல் வந்தது, டிவிடியின் எம்பெக்-2 சுருக்கத்தின் கட்டங்களோடு கலந்து. புளூ-ரேயில் சுவரும் முகமும் சுத்தக் கறுப்பு; கண் இமைக்கும் இடத்தைச் சுற்றி மட்டும் திட்டாக மணல். அசையாதவற்றிலிருந்து துகளைத் துடைத்திருக்கிறார்கள். துகளோடு தோலின் நுண்வரிகளும் போய்விட்டன. துகள் என்பது அழுக்கு அல்ல. பிலிமில் பிம்பமே அந்தத் துகள்களால் ஆனது.

பால் வட்டும் குற்றமற்றது அல்ல. வானத்தை ஒட்டி நிற்கும் விளக்குக் கம்பத்தின் குறுக்கே ஒரு வரியின் பிரகாச மதிப்புகளை எடுத்துப் பார்த்தேன். வானம் 180, கம்பத்தை ஒட்டிய இடத்தில் திடீரென 205, பிறகு கம்பம் 40, மறுபுறம் மீண்டும் 205. வானத்தில் இல்லாத வெளிச்சம் அது. கூர்மையாகத் தோன்றுவதற்காக விளிம்புகளைச் செயற்கையாக அழுத்தியதன் ஒளிவட்டம். சிறிய திரையில் தெரியாது. பெரிய திரையில் ஒவ்வொருவர் தோளிலும் வெள்ளைக் கோடாக நிற்கும்.

நிறத்தில் நான் ஒரு தவறு செய்தேன். பிறருக்கு உதவும் என்பதால் குறிப்பிடுகிறேன். டிவிடியில் சிவப்புச் சால்வை ஆரஞ்சுப் பக்கம் சாய்ந்தும், புல் மங்கியும் இருந்தது. வட்டின் குறை என்றே எழுதி வைத்துவிட்டேன். உண்மையில் டிவிடியின் நிறங்கள் பிடி.601 என்ற நிறத் தரத்தின் கணக்கில் பதிந்தவை. உயர்துல்லியப் படங்கள் பிடி.709. நான் பிரேமைப் பெரிதாக்கிய பிறகு நிறத்தை மாற்றியதால், மென்பொருள் அளவைப் பார்த்து 709 என்று எடுத்துக்கொண்டது. 601 என்று வெளிப்படையாகச் சொன்னதும் சால்வை சிவந்தது. எழுதிய வரியை அடித்தேன்.

ஆக, சட்டம் சரியாக இருப்பதில் பிக்சல் குறைவு. பிக்சல் நிறைந்ததில் சட்டமும் தோலும் சரியில்லை. எதைப் பார்ப்பது? நகரச் சதுக்கம், ஊர்வலம் போன்ற பரந்த காட்சிகளுக்குப் புளூ-ரேயை விட்டுக்கொடுக்க எனக்கு மனமில்லை. ஆனால் இது முகங்களின் படம், ஓரங்களில் நிற்பவர்களின் படம். எனவே பால் வட்டின் வேகத்தை மட்டும் சரிசெய்து பார்ப்பது என்று முடிவெடுத்தேன்.

படத்தை மறுபடி சுருக்கவில்லை. சுருக்கினால் இருப்பதும் கெடும். வட்டின் வீடியோவை அப்படியே எம்கேவி கோப்பாக்கி, எம்கேவி டூல்நிக்ஸ் என்ற மென்பொருளில் பிரேம் வேகத்தை 23.976 என்றும், காட்சி அளவை 1047×576 என்றும் மாற்றி எழுதினேன். பிந்தைய எண், 720 பிக்சலை 1.4545 ஆல் பெருக்கியது. ஒலிக்குத்தான் வேலை அதிகம். சுருதியை விட்டுவிட்டு வேகத்தை மட்டும் குறைக்கும் வடிகட்டி வேண்டாம் என்பதில் கவனமாக இருந்தேன், ஏனெனில் இந்த வட்டில் சுருதியும் ஏறியிருந்தது. கோபுர மணியின் ஓசை புளூ-ரேயில் 480 ஹெர்ட்ஸ், பால் வட்டில் 500. ஓர் அரைச்சுரத்துக்குச் சற்றுக் குறைவான ஏற்றம். நடிகர்களின் குரல் எல்லாம் சற்று இளமையாகக் கேட்டதன் காரணம் இதுதான். வினாடிக்கு 48,000 மாதிரிகள் கொண்ட ஒலியை 46,034 என்று எண்ணி ஓட்டச் சொல்லி, பிறகு 48,000 ஆக மாற்றினேன். வேகமும் சுருதியும் சேர்ந்தே இறங்கின. மணி 480இல் வந்து நின்றது. மொத்த நீளம் 140 நிமிடம்.

அன்றிரவே விளக்கை அணைத்துவிட்டு முழுப் படத்தையும் பார்த்தேன். புளூ-ரேயின் கூர்மை இல்லை. தோள்களில் அந்த வெள்ளைக் கோடு அவ்வப்போது தெரிந்தது. ஆனால் கதாநாயகியின் கன்னத்தில் தோல் இருந்தது. தாயின் குரல் ஒரு தாயின் வயதில் இருந்தது. கடைசியில் மகன் தெருமுனையில் திரும்பும்போது, இட விளிம்பில் கதவு நிலையை ஐந்து விரல்களும் பற்றியிருந்தன.